நீ வாபஸ் வாங்கினால் நானும் வாங்க வேண்டுமா?

சேலையூர்

அன்புள்ள தம்பி ஐசக்குக்கு அண்ணன் வேதசிரோமணி எழுதிக்கொள்வது. ஆண்டவர் தயவில் இவ்விடம் நானும் உன் அண்ணியும் சுகம். உன் சுகத்தை விசாரிக்கத் தேவையில்லை. சுவருக்கு அந்தப் பக்கம் நீ தும்முவது இங்கே நன்றாகக் கேட்கிறது.

இது நான் எழுதும் முதல் கடிதம். சர்ச்சில் நடக்கும் வகுப்பில் ஜெரூஷா டீச்சர் எட்டு மாதத்தில் எனக்கு எழுத்தறிவித்துவிட்டார். இந்த எழுபத்தொரு வயதில் வேதத்தைத்தான் முதலில் வாசிப்பேன் என்று எல்லாரும் நினைத்தார்கள். நான் முதலில் வாசித்தது நீ என்மேல் போட்ட வழக்கை. அருமையாக எழுதியிருக்கிறாய். நம் இரண்டு வீட்டுக்கும் நடுவே அப்பா பொதுவாக விட்ட நாலடிப் பாதை முழுக்க உனக்கே சொந்தமாம். அதில் நீ கட்டிய மாடிப்படி நினைவுக்கு எட்டாத காலம் முதல் இருந்துவருகிறதாம். எனக்கு எட்டுகிறது தம்பி. அதற்கு வந்த சிமெண்ட் மூட்டையை நான்தான் ஒரு கை பிடித்து இறக்கினேன். அதே காகிதக் கட்டில் என் எதிர்க்கோரிக்கையும் இருந்தது: பாதை பொது, படியை இடிக்க வேண்டும். என் கட்சி இவ்வளவு பலமானது என்று தெரியாமலே ஆறு வருஷமாக வாய்தாவுக்கு உன் பின்னால் பஸ் ஏறியிருக்கிறேன்.

போன வியாழக்கிழமை உன் வக்கீல் எழுந்து, வழக்கை வாபஸ் வாங்குகிறோம் என்றார். நீ என்னைப் பார்த்துச் சிரித்தாய். ஆறு வருஷத்தில் முதல் சிரிப்பு. அது முடியறதுக்குள்ள எங்க வக்கீல் கிருபாம்மா எழுந்து, "அவங்க வழக்கு போகட்டும் ஐயா, எங்க எதிர்க்கோரிக்கை போகாது, அது தனி வழக்கு மாதிரி நடக்கணும்"னாங்க. நீதிபதியும் ஆமாம்னுட்டார். பிரதிவாதியா உள்ளே போனவன் வாதி மாதிரி வெளியே வந்தேன். வாசல்ல நீ என்னைப் புடிச்சுகினு இன்னா சொன்னே? "அண்ணா, வூட்ட பில்டருக்குப் பேசி முடிச்சுட்டேன். கேஸ் கீதுன்னா அவன் வாங்க மாட்டான், இந்த மாசத்தோட டைம் முடியுது. அவன் மொத்த வூட்டையே இடிக்கப் போறான், நீ இடிக்கச் சொல்ற படிக்கட்டு மட்டும் நின்னுகினு இருக்குமா?" பில்டர் இடிக்கிறது வேற, கோர்ட்டு இடிக்கச் சொல்றது வேற. பில்டர் இடிச்சா செங்கல்தான் மிஞ்சும். கோர்ட்டு சொன்னா தீர்ப்பு வரும், வேதசிரோமணி சொல்வது சரின்னு அதுல இருக்கும், அதை உன் ஜன்னலாண்ட நின்னு நானே சத்தமா வாசிப்பேன். இன்னும் ஆறு வருஷம் ஆனாலும் வாபஸ் கிடையாது. உன் பில்டரை உட்காரச் சொல்லு.

அருள்மேரிக்கும் உங்கள் மகள் கிறிஸ்டினாவுக்கும் என் ஆசீர்வாதம். கர்த்தர் உன் கால்களைத் தள்ளாடாமல் காப்பாராக, முக்கியமாக அந்தப் படியில் இறங்கும்போது.

இப்படிக்கு,
எதிர்க்கோரிக்கைக்காரனும் உன் அண்ணனுமாகிய
வேதசிரோமணி

பி.கு.: இதை எழுதி முடிக்க ஒன்பது நாளாச்சு. நேத்து கிறிஸ்டினா ஒரு காகிதத்தோட வந்துச்சு. "பெரியப்பா, உங்க கையெழுத்து வேணும், படிச்சுப் பாத்துட்டுப் போடுங்க"ன்னுச்சு. இத்தனை வயசுல என்கிட்ட யாரும் கையெழுத்து கேட்டதில்லை, கட்டைவிரலைத்தான் கேட்டிருக்காங்க. மூணு பக்கத்துலயும் முழுப்பேரைப் போட்டேன். முதல் எழுத்து கொஞ்சம் சாய்ஞ்சிருக்கு, மத்தது பிரமாதம். பொண்ணு போனப்புறம் நகலை வாசிச்சேன். எதிர்க்கோரிக்கையை நான் வாபஸ் வாங்கிக்கிறேன்னு இருக்கு. போகட்டும். கிரயப் பத்திரத்துல சாட்சிக் கையெழுத்துக்கு ஆள் தேடி அலையாதே, நான் வரேன்.