தாண்டவராயனுக்குப் பதிலாக

"பேரு இன்னா?" என்று சம்பூர்ணம் கேட்டாள்.

"செல்வராஜ்."

"யோவ்!"

"தாண்டவராயன், தாண்டவராயன். வாய் தவறிச்சு."

"தூக்கத்துல கேட்டாலும் அதான் பேரு. புரிதா?"

மாமல்லபுரத்திலிருந்து செங்கல்பட்டு போகும் பஸ்ஸில் இந்தப் பரீட்சை பதினாலாவது தடவையாக நடந்தது. முன் சீட்டில் நிஜத் தாண்டவராயன் ஜன்னலில் தலையைச் சாய்த்து, மழையில் நனையும் வயல்களைப் பார்த்துக்கொண்டு வந்தான். தன் பெயரை இன்னொருவன் மனப்பாடம் செய்வதைப் பற்றி அவனுக்கு ஒரு கவலையும் இருப்பதாகத் தெரியவில்லை. அவன் சம்பூர்ணத்தின் அண்ணன், செல்வராஜுக்கு மச்சான். குப்பத்தில் இருவருக்கும் சேர்த்து ஒரே ஃபைபர் படகு.

விஷயம் இதுதான் என்று செல்வராஜ் எல்லாரிடமும் சொல்வான்: ஆடி மாதம் படகைக் கரையேற்றும்போது டிராக்டர் கயிறு அறுந்தது. அதன் இரும்புக் கொக்கி பறந்து வந்து மச்சான் மண்டையில் இறங்கியது. போகிற போக்கில் செல்வராஜையும் லேசாகத் தட்டிவிட்டுப் போனது. மச்சான் ஆஸ்பத்திரியில் கிடந்தபோது, துணைக்குச் செல்வராஜும் பக்கத்துக் கட்டிலில் படுத்திருந்தான். உறவு என்றால் பின்னே எப்படி?

அதிலிருந்து மச்சான் சரியில்லை. டீயில் சர்க்கரைக்குப் பதில் உப்பைப் போடுவான். அதிலும் செல்வராஜ் எதிரே இருக்கும்போதுதான் போடுவான். படகில் போனபோது நிலைமை முற்றிவிட்டது. செல்வராஜ் பின்னால் உட்கார்ந்து இன்ஜினைப் பிடிக்க, மச்சான் முன்னால் உட்கார்ந்து வழி சொல்ல, படகு வடக்கே அடுத்த குப்பத்தில் போய்க் கரையேறியது. "எங்க வூட்டை யாருடா இடிச்சது?" என்று செல்வராஜ் அந்த ஊர்க்காரர்களோடு மல்லுக்கு நின்ற பிறகுதான், மச்சான் தப்பாக வழி காட்டியது வெளியே வந்தது.

பஞ்சாயத்தார் கூடிப் பேசி, மூளை டாக்டர் சீட்டு இல்லாமல் படகு தண்ணியில் இறங்கக் கூடாது என்று சொல்லிவிட்டார்கள். மூன்று வாரமாகப் படகு மணலில் கிடந்தது. அதன் நிழலில் நாய் குட்டி போட்டிருந்தது. செல்வராஜுக்கு அதைப் பார்க்கும்போதெல்லாம் வயிறு எரிந்தது. கடலுக்குப் போகாத மனிதனுக்குக் குப்பத்தில் என்ன வேலை?

"அண்ணன் போனா ஃபெயிலாயிடும்" என்று சம்பூர்ணம்தான் யோசனை சொன்னாள். "உனக்குத்தான் மூளை நல்லா வேலை செய்யுது. நீ போய் அண்ணனா குந்திகினு எழுதிட்டு வந்துடு."

"ஆதார் கார்டு கேட்டா?"

"ஆதார் போட்டோல யாருய்யா அவங்க மாதிரியே கீறாங்க?"

அதற்கு மறுப்புச் சொல்ல முடியவில்லை.

திருக்கழுக்குன்றத்தில் இறங்கி நாஸ்தா சாப்பிட்டார்கள். செல்வராஜ் இரண்டு இட்லியை முடித்துவிட்டுக் கை கழுவ எழுந்தபோது சம்பூர்ணம் அவன் இலையைத் திருப்பி வைத்தாள். பார்த்தால் இன்னும் ஒரு இட்லியும் சட்னியும் இருந்தன. கேட்காமலே வைக்கிற தாராளமான ஓட்டல் என்று அவன் மனதாரப் பாராட்டினான்.

செங்கல்பட்டில் அதே ஆஸ்பத்திரியில், சோதனை செய்யும் அறையில் ரெஜினா மேடம் இருந்தார். இளவயது, கண்ணாடி, கையில் ஒரு ஸ்டாப் வாட்ச். சம்பூர்ணம் கொடுத்த கார்டைப் பார்த்தார். செல்வராஜைப் பார்த்தார். எதிரே இருந்த நாற்காலியைக் காட்டினார். தாண்டவராயன் வெளியே டீக்கடைக்குப் போய்விட்டான். சம்பூர்ணம் அறையிலேயே பின்னால் ஒரு ஸ்டூலில் உட்கார்ந்தாள்.

"உங்க பேரு சொல்லுங்க."

"தாண்டவராயன்" என்றான் செல்வராஜ், கணீரென்று.

ரெஜினா பேனாவை எடுத்தவர் எழுதாமல் அந்த இடத்தைக் காலியாக விட்டார். "சரி, தாண்டவராயன். இப்ப என்ன மாசம்?"

"ஆடி."

"வெளிய அடைமழை பெய்யுதே?"

செல்வராஜ் ஜன்னலைப் பார்த்தான். பெய்யத்தான் பெய்தது. "பேஞ்சா பேஞ்சுட்டுப் போவட்டும் மேடம். நம்ம இன்னா பண்ண முடியும்?"

பின்னால் சம்பூர்ணம் தொண்டையைச் செருமினாள். செல்வராஜ் பதறவில்லை. எல்லாவற்றையும் சரியாகச் சொன்னால் சந்தேகம் வரும், மச்சான் அப்படியொன்றும் பெரிய புத்திசாலி இல்லை, ஒன்றிரண்டு தப்பு இருந்தால்தான் நம்புவார்கள் என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டான். தப்பு செய்த பிறகுதான் இந்தத் திட்டம் தோன்றியது என்பது வேறு விஷயம்.

"அஞ்சு வார்த்தை சொல்றேன். ஞாபகம் வெச்சுக்கோங்க, அப்புறம் கேட்பேன். மயில், சாவி, தேங்காய், ரயில், சிவப்பு."

"இவ்ளோ தானா?" என்றான் செல்வராஜ். அஞ்சையும் திருப்பிச் சொல்லியும் காட்டினான்.

"இப்ப ஒரு நிமிஷத்துல எத்தனை மிருகங்க பேரு சொல்ல முடியுதோ சொல்லுங்க."

"ஆடு, மாடு, நெத்திலி, வஞ்சிரம், சங்கரா, நெத்திலி..."

"மிருகம்."

"அதுக்கும் உசுரு கீதுல்ல மேடம்?"

ரெஜினா கொஞ்சம் யோசித்துவிட்டுத் தலையாட்டினார். செல்வராஜ் உற்சாகமாகக் கடலில் இறங்கிவிட்டான். மணி அடித்தபோது அவர் எண்ணிப் பார்த்தார். "நெத்திலி மட்டும் ஏழு தடவை வந்திருக்கு."

"அது கூட்டமாத்தான் மேடம் வரும்."

ரெஜினா உதட்டைக் கடித்துக்கொண்டு ஒரு வெள்ளைத் தாளை நீட்டினார். "ஒரு கடிகாரம் வரையுங்க. எல்லா நம்பரும் இருக்கணும். முள்ளு பதினொண்ணு பத்துல நிக்கணும்."

இதில் அசத்திவிட வேண்டும் என்று செல்வராஜ் முடிவு செய்தான். நாக்கைத் துருத்திக்கொண்டு வட்டம் போட்டான். பிறகு ஒன்று முதல் பன்னிரண்டு வரை எழுதினான். முடித்துவிட்டுப் பார்த்தால் பன்னிரண்டும் வலது பக்கமாக ஒன்றின் தோளில் ஒன்று ஏறி நின்றுகொண்டிருந்தன. அவனுக்கு அதில் குறை ஒன்றும் தெரியவில்லை.

"இந்த இடது பக்கம் என்ன ஆச்சு?" ரெஜினா விரலை வைத்துக் காட்டினார்.

அவர் காட்டிய பிறகுதான் அப்படி ஒரு பக்கம் இருப்பதே அவனுக்குத் தெரிந்தது. பார்த்தான். வெறும் காலி.

"அந்தாண்ட கடலு மேடம்."

ரெஜினா தாளின் ஓரத்தில் ஏதோ குறித்துக்கொண்டார்.

"முன்னாடி அஞ்சு வார்த்தை சொன்னேனே. ஞாபகம் இருக்கா?"

"நல்லாக் கீது. தேங்காய்." விரலை மடக்கினான். அடுத்த விரல் நின்றுகொண்டே இருந்தது. "தேங்காய்... நெத்திலி..."

இனி திட்டம் என்று சொல்லிச் சமாளிக்க முடியாது. மச்சானுக்காக வந்து மச்சானின் கடலையே மூடிவிடுவோமோ என்று அவனுக்குப் பகீரென்றது.

ரெஜினா தாள்களை ஒதுக்கி வைத்தார். "போதும். சும்மா பேசலாம். உங்க மச்சான் செல்வராஜ் இருக்காரே, அவரு எப்படி?"

கேள்வி தன் மேலேயே திரும்பியதில் செல்வராஜ் சற்றுத் திணறினான். பிறகு, இதைவிட நல்ல சந்தர்ப்பம் வராது என்று தெம்பாக நிமிர்ந்தான். "தங்கமானவன் மேடம். மூளைன்னா மூளை, அப்படி ஒரு மூளை."

"அவருக்கு ஏதாவது கஷ்டம் இருக்கா? சொல்லிருக்காரா?"

"அவனா? யாராண்டயும் சொல்ல மாட்டான்."

"உங்ககிட்ட?"

அவன் தொடையில் கையைத் தேய்த்தான். தாண்டவராயனாக இருப்பதில் ஒரு வசதி இருந்தது. செல்வராஜைப் பற்றி எதை வேண்டுமானாலும் சொல்லலாம், செல்வராஜுக்கு வெட்கமாக இருக்காது.

"அவனுக்கு ஒரு பொண்ணு கீது மேடம். அனு. எட்டாவது படிக்குது. ஒரு நாளு ஸ்கூலாண்ட கூட்டினு வரப் போனான். டீச்சரு யாருக்கு வந்தேன்னு கேக்குது. பேரு வர்ல. பெத்த பொண்ணு பேரு வர்ல. சும்மா சிரிச்சுகினே நின்னான். அது ஓடி வந்து கையப் புடிச்சுது, அப்புறம் தான் மூச்சே வந்துது. இப்பல்லாம் உள்ளங்கைல எழுதிகினு தான் போறான்." அவன் தன் உள்ளங்கையை மூடிக்கொண்டான். "கடலுக்குப் போனா எல்லாம் சரியாப்பூடும்னு நெனச்சுகினு கீறான். பயந்தாங்கொள்ளி மேடம் அவன்."

பின்னால் சம்பூர்ணம் முந்தானையை வாயில் அடைத்துக்கொண்டாள். அண்ணன் நிலைமையை நினைத்து அழுகிறாள் போலும் என்று அவனுக்கு அவள் மேல் இரக்கமாக இருந்தது.

ரெஜினா வெகுநேரம் எழுதினார். பிறகு மெதுவாகச் சொன்னார். "இப்போதைக்குக் கடலுக்குப் போகக் கூடாது. வாராவாரம் இங்க வரணும், பயிற்சி தருவோம். ஆறு மாசம் கழிச்சு மறுபடி பார்ப்போம். முன்னேற்றம் வரும், எனக்கு நம்பிக்கை இருக்கு."

ஆறு மாதம்! செல்வராஜ் நாற்காலியிலிருந்து எழுந்தே விட்டான். இனி மறைத்துப் பயனில்லை.

"மேடம், ஒரு உண்மை சொல்லிடறேன். நான் தாண்டவராயன் இல்ல. நான் செல்வராஜ். அவரு டீக்கடைல கீறாரு. எல்லாம் ஏமாத்து வேலை. மன்னிச்சுக்கோங்க."

ரெஜினாவின் முகம் மலர்ந்தது. தாளைத் திருப்பி, முதல் கேள்விக்கு எதிரே காலியாக இருந்த கட்டத்தில் ஒரு டிக் போட்டார். "ரொம்ப சந்தோஷம்ங்க. இதுக்கு ஒரு மார்க்."

அவர் துளியும் நம்பவில்லை என்று செல்வராஜுக்குப் புரிந்துபோயிற்று.

டீக்கடையில் தாண்டவராயன் பெஞ்சில் உட்கார்ந்திருந்தான். செல்வராஜ் நேராகப் போய் அவன் இரண்டு கையையும் பிடித்துக்கொண்டான். "மச்சான், உன் பேரைக் கெடுத்துட்டேன். ஆறு மாசம் நீ கடல்ல எறங்கக் கூடாதாம்."

"அதனால இன்னா மாப்ள?" தாண்டவராயன் டீயை உறிஞ்சினான். இந்த முறை சர்க்கரைதான் போட்டிருந்தான். "நானும் ஆறு மாசம் கரைல குந்திகினு வலை கட்டறேன்."

"வாராவாரம் வந்து பயிற்சி எடுக்கணுமாம்."

"நீயே வந்து எடுத்துடு. ஆரம்பிச்சது நீ தானே? பாதில ஆள் மாறினா அந்தம்மா கண்டுபுடிச்சுடும்."

அதுவும் நியாயமாகத்தான் பட்டது. செல்வராஜுக்கு நெஞ்சு நிறைந்தது. "கவலப்படாத மச்சான். ஒரு வாரம் கூட வுடாம வரேன். உன்னை சரி பண்ணிக் காட்டாம வுட மாட்டேன்."

தாண்டவராயன் முகத்தை அந்தப் பக்கம் திருப்பிக்கொண்டான். சம்பூர்ணம் பஸ் வருகிறதா என்று பார்ப்பது போல ரோட்டைப் பார்த்தாள்.

அப்போது ஆஸ்பத்திரி வாசலிலிருந்து வார்டு ஆயா ஜெகதாம்பாள், தலையில் ஒரு பிளாஸ்டிக் பையைக் கவிழ்த்துக்கொண்டு மழையில் ஓட்டமும் நடையுமாக வந்தாள்.

"யோவ் செல்வராஜு! ஆதார் கார்டை வுட்டுட்டுப் போறியே!"

செல்வராஜுக்குத் தூக்கிவாரிப் போட்டது. இவளுக்கு எப்படித் தெரியும்? மச்சானுக்குக் கண்ணைக் காட்டிவிட்டு, அவசரமாகக் குரலைக் கனைத்துக்கொண்டான்.

"ஆளு மாறிப் பேசறம்மா. என் பேரு தாண்டவராயன்."

ஜெகதாம்பாள் கார்டை அவன் சட்டைப் பையில் செருகினாள்.

"பின்ன வேற இன்னா பேரு வரும் உன் வாயில? ஆடி மாசம் மண்டை ஒடஞ்சு பதினோரு நாளு நீ கண்ணே தொறக்காம கெடந்தே, அத்தினி நாளும் உன் கட்டிலாண்ட குந்திகினு, 'மாப்ள, நான் தாண்டவராயன் வந்துகீறேன், நான் தாண்டவராயன் வந்துகீறேன்'னு உன் காதுல ஓதிகினே இருந்தது இந்த ஆளு தானே!"