மச்சானின் வீட்டுக்கு நான் குத்தகைக்காரன்

எனக்கு விளங்காத எதற்கும் தலையாட்டிவிடுவேன். தேயிலைத் தோட்டத்தில் பிறந்தவனுக்கு அது பழக்கம். தோட்ட ஆபீஸில் கிளாக்கர் ஐயா எதைக் கேட்டாலும் "சரிங்கய்யா" என்று சொல்லிவிட்டு, வெளியே வந்துதான் என்ன கேட்டார் என்று விசாரிப்போம். (ஐந்தாம் வகுப்போடு நின்றவன் நான். இந்தப் பாடம் மட்டும் மறக்கவில்லை.)

அக்கா குடும்பத்துக்குக் கொட்டாஞ்சேனையில் ஒரு வீடு குத்தகைக்குக் கிடைத்தது. மட்டக்குளி வீட்டை அன்று காலையே காலி செய்து, சாமான்களை லொறியில் ஏற்றியாகிவிட்டது. ராகுகாலத்துக்கு முன் புது வீட்டில் பால் காய்ச்ச வேண்டும். அதற்கு முன் புதுக்கடைப் பக்கம் ஒரு லோயரின் கந்தோருக்குப் போய் ஒப்பந்தம் எழுத வேண்டும். சாட்சிக்கு ஓர் ஆள் குறைந்ததால் அக்காவின் கணவர், என் மச்சான், என்னைக் கூட்டிப்போனார்.

"மாப்ள, நீ ஒண்ணும் பேச வேணாம். சைன் மட்டும் போடு."

எனக்கேற்ற வேலை.

வீட்டுச் சொந்தக்காரி ஓய்வுபெற்ற டீச்சர். முழங்கால் நோவால் கந்தோரின் மாடிப்படி ஏற முடியாதவர். ஒப்பந்தத்தில் குத்தகைக்காரரின் பெயருக்கு இடம் விட்டு முதல்நாளே கையெழுத்து வைத்து அனுப்பியிருந்தார். லொறிக்காரர் போனில் கூப்பிட, மச்சான் பேச வெளியே போனார். அந்த நேரம் பார்த்து, ஒப்பந்தம் எழுதிக்கொண்டிருந்த லிகிதர் நிமிர்ந்தார்.

"குத்தகை பெறுநர் நீங்களோ?"

'சாட்சி' என்ற ஒரு சொல்லைத்தான் நான் பாடமாக்கி வந்திருந்தேன். அது அவர் வாயில் வரவில்லை. கேட்க வெட்கம். தலையாட்டினேன்.

"அப்ப ஐடென்டியைத் தாங்கோ."

அடையாள அட்டையைக் கொடுத்தேன். அசையா ஆதனம், அனுபோகம், உபகுத்தகை என்று வாசித்துக்கொண்டே போனார். எல்லாவற்றுக்கும் ஆட்டினேன். (கழுத்து வலித்தது.) மச்சான் ஓடிவந்து, பென்சில் புள்ளி வைத்த இடத்தில் கையெழுத்துப் போட்டார். நான் என் புள்ளியில் போட்டேன். இருவரும் வாசிக்கவில்லை.

டீச்சர் வாசித்தார். புது வீட்டு வாசல் கேற்றடியில் கண்ணாடியை மாட்டிக்கொண்டு, பக்கம் பக்கமாக.

"இதில இருக்கிற பேர் ஆர்?"

மச்சான் என்னைப் பார்த்தார். நான் நிலத்தைப் பார்த்தேன்.

"டீச்சர், இவன் சும்மா சாட்சிங்க."

"இல்லை. சாட்சி நீங்கள். குத்தகைக்காரர் இவர். திறப்பு இவருக்குத்தான்." டீச்சர் சாவிக்கொத்தை இறுக்கிப் பிடித்தார்.

"நாளைக்கே மாத்திடுறோம் டீச்சர்."

"அப்ப நாளைக்கே வாங்கோ. உபகுத்தகைக்கு, வேற ஆக்களுக்கு, விடக்கூடாது எண்டு எழுதியிருக்கு."

உடனே மாற்றி எழுத லோயரும் இல்லை, கோர்ட்டில் இருந்தார். ராகுகாலத்துக்குப் பதினைந்து நிமிடம். மட்டக்குளி வீட்டில் இந்நேரம் வேறொரு குடும்பம் பால் காய்ச்சியிருக்கும். அக்கா லொறிக்குப் பக்கத்தில், அழுவதா ஏசுவதா என்று தெரியாமல் பால் பாக்கெட்டுடன் நின்றாள்.

டீச்சர் என் பக்கம் திரும்பினார். "தம்பி, நீர் இங்கதான் இருப்பீரோ?"

நான் புறக்கோட்டையில் வேலை செய்யும் கடைக்கு மேல் ஐந்து பேரோடு ஓர் அறையில் படுப்பவன். "இருப்பேங்க டீச்சர்" என்றேன்.

"அப்ப இவை ஆர்?"

"எங்க அக்கா குடும்பங்க. என்கூடத்தான் இருக்காங்க."

என் வாழ்நாளில் நான் ஆற்றிய மிக நீண்ட சொற்பொழிவு அது. திறப்பு கைக்கு வந்தது. டீச்சர் நின்று பார்க்க, பாலும் நானே காய்ச்சினேன். பாதி அடுப்பில் கொட்டிப்போனது. மச்சான் விருந்தாளிபோல் மூலையில் நின்றார்.

வருட முடிவில் பெயரை மாற்றக் கேட்டோம். "இவர் கதைக்கிறேல்லை. எனக்கு இப்பிடி ஆள்தான் வேணும்" என்று டீச்சர் மறுத்துவிட்டார். ஏழு வருடமாக ஒப்பந்தம் என் பெயரில்தான். அறைகளில் அவர்கள் படுக்கிறார்கள், விறாந்தையில் நான். சுவரில் ஏதாவது மாட்டுவதென்றால், வீட்டுக்கு வந்தவர்கள் முன்னிலையில் மச்சான் சுத்தியலோடு என் முன்னால் கைகட்டி நிற்பார்.

"முதலாளி, ஒரு ஆணி அடிச்சிக்கவா?"

ஒருமுறை 'கூடாது' என்று சொல்லிப் பார்த்தேன். அன்று மத்தியானம் அக்கா எனக்குச் சோறு போடவில்லை.