அம்சவேணி வீட்டுப் படிக்கட்டை இடித்த விவரம்

மாப்பிள்ளை ஜெயக்குமார் அவர்களுக்கு மாமியார் தில்லையம்மாள் ஆசீர்வாதம் சொல்லி எழுதுவது. இங்கு நான், மகன் கலியன், தறி எல்லோரும் சுகம். ஏகாம்பரநாதர் கிருபையால் நீங்களும் ஜீவிதாவும் குழந்தைகளும் சுகமாக இருப்பீர்கள். உங்கள் கல்யாணப் பந்தியில் உங்கள் பெரியம்மா எழுந்து நின்று ரசத்தில் உப்பு இல்லை என்று சொன்னது நேற்றுப் போல ஞாபகம் இருக்கிறது, ஆனால் அதை எழுத இப்போது நேரமில்லை. விஷயம் என்னவென்றால், படிக்கட்டை இடித்துவிட்டார்கள். நான் ஜெயித்துவிட்டேன். அவசரமாக எழுதுகிறேன், எழுத்து கோணலாக இருந்தால் பொறுத்துக்கொள்ளவும்.

நீங்களும் வருவாய்த் துறையில் ஆபீசர் என்பதால் விவரமாகவே எழுதுகிறேன், உங்களைப் போன்றவர்கள் என்னை என்ன பாடு படுத்தினார்கள் என்று தெரிய வேண்டும் அல்லவா. அத்தி வரதர் எழுந்தருளிய வருஷம், தெருவே தரிசனத்துக்கு வரிசையில் நின்ற அன்றைக்குத்தான் பக்கத்து வீட்டு அம்சவேணி வேலையைக் காட்டினாள். என் அண்டாவை இரவல் வாங்கி ஓட்டையோடு திருப்பிக் கொடுத்தாளே, அவளேதான். கீழ்வீட்டைக் கடைக்கு வாடகைக்கு விட்டாள், உள்ளே இருந்த மாடிப்படியை எடுத்தாள், பாதித் தெருவை வளைத்து சிமெண்டில் படிக்கட்டு கட்டினாள். நான் சாமி கும்பிட்டு வருவதற்குள் அஸ்திவாரம் எழும்பிவிட்டது. பட்டுக்குப் பாவு இழையைத் தெருவில் நீளமாக இழுத்துக் கட்டிச் சீர் பண்ணினால்தான் தறியில் ஏற்ற முடியும். மிச்சமிருந்த சந்தில் கட்டினால் மோட்டார் சைக்கிள்காரன் புகுந்து அறுத்துவிட்டுப் போகிறான். கலியன் பிழைப்பே கெட்டுப்போனது.

வக்கீல் உஸ்மான் தம்பி வழக்காடிப் படிக்கட்டை இடிக்க உத்தரவு வாங்கிக் கொடுத்தார், நானும் அதைக் காமாட்சி சந்நிதியில் வைத்துக் கும்பிட்டுவிட்டு தாலுகா ஆபீசருக்குக் கொண்டுபோய்க் கொடுத்தேன். பார்க்கலாம் என்றார். பார்த்துக்கொண்டே இருந்தார். போலீஸ் எல்லாம் கருட சேவைக் கூட்டத்துக்குப் போய்விட்டது என்றார்கள், அப்புறம் தேர்தல் என்றார்கள், அப்புறம் அளக்கிறவர் லீவு, லீவு முடிந்து வந்தவருக்கு மாற்றல். கோர்ட் சொன்னதைக் கேட்கவே இன்னொரு முறை கோர்ட்டுக்குப் போக வேண்டியதாயிற்று. இந்தத் தடவை ஜட்ஜ் அந்த ஆபீசரையே நிற்க வைத்து, "உத்தரவு போடறது எங்க வேலை, நிறைவேத்தறது உங்க கடமை. முடியலன்னா சொல்லுங்க, நாளைல இருந்து நீங்க எங்க தங்கணும்னு நான் சொல்றேன்" என்றார். எனக்குக் கை தட்ட வேண்டும் போலிருந்தது, உஸ்மான் தம்பி கையைப் பிடித்துக்கொண்டார்.

மறுநாள் விடிந்ததும் ஆபீசர், இரண்டு போலீஸ், சம்மட்டியோடு ஆட்கள் என்று எல்லோரும் வந்து நிற்கிறார்கள். பார்த்தால் தெருவில் எங்கள் பாவு. சுருட்டச் சொன்னார் ஆபீசர். பாதி வேலையில் சுருட்டினால் அத்தனையும் சிக்கிவிடும் என்றேன். அவர் முகத்தில் வெளிச்சம் வந்தது பாருங்கள், அப்போ இன்னொரு நாள் வருகிறோம் என்று வண்டிப் பக்கம் திரும்பினார். விடுவேனா.

"எங்க போறே? ஜட்ஜு என்ன சொன்னாரு, நீ எங்க தங்கணும்னு சொல்றேன்னாரா இல்லியா? வந்து புடி" என்றேன்.

பிடித்தார், மாப்பிள்ளை. ஒரு முனை அவர், ஒரு முனை கலியன், நடுவில் போலீஸ் இரண்டு பேரும். பாவை அப்படியே தூக்கி எதிர்ச் சுவரோடு ஒதுக்கி, மேலே போர்வை போட்டு, இடித்து முடிகிற வரைக்கும் பிடித்துக்கொண்டு நின்றார்கள். தொய்யும்போதெல்லாம் கலியன் அதட்டல் போட்டான். "இஸ்து புடி சார், ஆபீஸ்னு நெனச்சிக்கினியா" என்று அவன் கேட்டதைத் தெருவே கேட்டது. மத்தியானத்துக்குள் படிக்கட்டு தரைமட்டம். அம்சவேணி மாடி ஜன்னலில் நின்று மண்ணை வாரித் தூற்றப் பார்த்தாள், அங்கே மண் இல்லை. நான் கேசரி கிண்டி வீட்டுக்கு வீடு கொடுத்தேன்.

உங்கள் மேஜையிலும் எந்த அப்பாவி வாங்கிய கோர்ட் உத்தரவோ தூங்கிக்கொண்டிருக்கும். அதை எழுப்புங்கள். கோர்ட் சொன்னால் சொன்னதுதான், அன்றே செய்ய வேண்டும், மறுபேச்சு கூடாது. குழந்தைகள் நன்றாகப் படிக்கட்டும், ஜீவிதா நேரத்துக்குச் சாப்பிடட்டும், நீங்கள் பதவி உயர்ந்து நூறு வயது இருங்கள்.

இப்படிக்கு,
தில்லையம்மாள்

பின்குறிப்பு: கடிதத்தை ஒட்டுவதற்குள் நாலு நாள் ஓடிவிட்டது. எழுதிய மறுநாள் காலையே மொட்டை மாடியிலிருந்து அம்சவேணி குரல். "யக்கா, கதவ தொறக்கா. பசங்க ஸ்கூலுக்குப் போவணும், எறங்க வழியில்ல." குழந்தைகள் என்ன பாவம் செய்தார்கள், திறந்தேன். அன்றிலிருந்து அவள் குடும்பம் முழுக்க கைப்பிடிச் சுவர் தாண்டி, என் மாடிப்படி இறங்கி, தறிக்கு முன்னால் கூடத்து வழியாகத்தான் போகிறது வருகிறது. தெருவில் அறுந்த இழை இப்போது வீட்டுக்குள் அறுகிறது. ஆபீசரைக் கேட்டேன், இடிக்கத்தான் உத்தரவு, மற்றது அதில் இல்லை என்கிறார். மாப்பிள்ளை, அந்தப் படிக்கட்டைத் திரும்பக் கட்டச் சொல்லி கோர்ட்டில் உத்தரவு வாங்க முடியுமா? இன்றே பதில் போடவும். அவள் மகன் சைக்கிளையும் என் கூடத்து வழியாக மேலே ஏற்ற ஆரம்பித்துவிட்டான்.