சண்டைப் படத்தை வென்ற டோக்‌ஷோ அண்ணை

ஜெர்மன் தெரியாமலே ஒரு ஜெர்மன் டிவி நிகழ்ச்சியைத் தூக்கி நிறுத்தியவர் உலகத்திலேயே ஒருவர்தான்: எங்கள் டோக்‌ஷோ அண்ணை. தொண்ணூறுகளின் தொடக்கத்தில் டோர்ட்மண்ட் அகதி முகாமில் ஈழத்திலிருந்து வந்த எங்கள் பன்னிரண்டு பேருக்கும் ஒரே டிவி. அவருடைய சொந்தப் பெயர் அலுவலகக் கடிதங்களுக்கு மட்டுமே தெரியும்.

இரவு பதினொரு மணிக்குப் புதுச் சேனலொன்றில் கோட் போட்ட ஒருவர் விருந்தாளிகளோடு கதைக்கும் டோக்‌ஷோ. அதே நேரம் அடுத்த சேனலில் சண்டைப் படம். அடிதடிக்கு மொழி எதற்கு? நாங்கள் படத்தின் பக்கம். அண்ணை ரிமோட்டை இடுப்பில் கட்டிய சாரத்து மடியில் செருகிக்கொண்டு, "இருங்கோடா, நான் சொல்லுறன்" என்று மொழிபெயர்க்கத் தொடங்கினார்.

ஒரு நடிகை வந்தாள்.

"இவவின்ர வீட்டை எரிச்சுப்போட்டாங்களாம். ஒரு போட்டோ அல்பத்தோட ஓடித் தப்பினவவாம்."

"பிறகேன் அண்ணை சிரிக்கிறா?"

"அழுதால் சனம் சேனலை மாத்திப்போடுமெல்லோ."

அடுத்த கிழமை ஒரு பந்தாட்டக்காரன். அவன் தம்பியை ஆமி பிடித்துக்கொண்டு போய்விட்டதாம்.

"ஜெர்மனியில எந்த ஆமி அண்ணை?"

"உனக்கு ஜெர்மன் தெரியுமோ? பேசாமல் பார்."

விழுந்து விழுந்து சிரித்தோம். சண்டைப் படம் எங்கள் முகாமில் படுதோல்வி. ஆனால் நாட்டில் வேறு யாரும் பார்க்கவில்லை போலும், நிகழ்ச்சியை நிறுத்திவிட்டார்கள். அண்ணை இரண்டு நாள் சாப்பிடவில்லை.

பிறகு அவருடைய அகதி விசாரணைக்கு நாள் குறித்து டேர்மின் வந்தது. போய்த் திரும்பியவரிடம் என்ன சொன்னீர்கள் என்று கேட்டோம்.

"விசாரிச்சவர் மரியாதையான மனிசன். மொழிபெயர்ப்பாளரை வைச்சு, கஷ்டம் ஏதும் இருக்கோ எண்டு கேட்டார். ஒண்டும் இல்லை ஐயா எண்டு சிரிச்சுக்கொண்டு சொன்னன்."

சிரித்த முகத்துக்கு அடைக்கலம் தேவையில்லை என்று அந்த மரியாதையான மனிசர் எழுதிவிட்டார். அவர் மேல் எனக்கு இன்றும் ஆத்திரம் தீரவில்லை. அண்ணையைத் திருப்பி அனுப்பும் நாளில் அவருடைய பையை நான்தான் அடுக்கினேன். அடியில் ஓரம் கருகிய ஒரு அல்பம். முதல் பக்கத்தில் அவருடைய சாடையில் ஒரு பெடியன்.

"இதை ஏன் அண்ணை அங்க சொல்லேல்லை?"

"எங்கட கதையை நாங்களே எப்பிடியடா சொல்லுறது? வெக்கமெல்லோ."

எங்களுக்கு மட்டும் அவர் இரவிரவாகச் சொல்லியிருக்கிறார். எல்லாரையும்விடப் பலமாகச் சிரித்தவன் நான்.

இப்போது எனக்கு ஜெர்மன் நன்றாகவே விளங்கும். ஆனாலும் டிவியில் யாராவது பேட்டி கொடுத்தால் சத்தத்தை அடைத்துவிட்டுத்தான் பார்க்கிறேன். சொல்லுங்கோ அண்ணை, இந்த முறை சிரிக்கமாட்டன்.