முள்ளம்பன்றி பாடிய ஆய்வறிக்கை

ஒரு காட்டில், அதுவும் ஆராய்ச்சி நிலையமெல்லாம் வந்துவிட்ட நாகரிகமான காட்டில், சூரியகலா என்றொரு முள்ளம்பன்றி இருந்தது. பகலில் விஞ்ஞானி. ஓடைத் தண்ணீரைச் சோதிப்பது அதன் வேலை. சாயங்காலம் ஆனால் 'முட்டுச்சந்து' என்ற பங்க் ராக் குழுவின் பாடகி. தலைமுடியை நெட்டுக்குத்தாக நிறுத்த மற்ற பாடகர்கள் படாதபாடு படுவார்கள். இதற்கு அந்தச் செலவு இல்லை.

ஒருநாள் தண்ணீரைச் சோதித்தபோது சூரியகலாவுக்கு விஷயம் தெரிந்துவிட்டது. மேட்டில் நரி நடத்தும் சாயப்பட்டறையின் கழிவு ஓடையில் கலந்திருந்தது. காடு மொத்தமும் குடிப்பது அந்தத் தண்ணீரைத்தான். உடனே அறிக்கை எழுதியது: "இந்தத் தண்ணீரைக் குடிக்காதீர்கள்."

ஆராய்ச்சி நிலைய இயக்குநர் கோதண்டம் என்ற காட்டெருமை முகத்தைச் சுளித்தது. "என்னம்மா இது, அறிக்கையா, தெருச்சண்டையா?" என்று கேட்டுவிட்டு, தானே திருத்தியது: "இந்நீரை அருந்துதல் உகந்ததன்று எனக் கருத ஓரளவு இடமுண்டு. எனினும் மேலும் ஆய்வு தேவை."

"சார், அதுக்குள்ள எல்லாரும் செத்துடுவாங்க சார்!"

"அதையும் தரவுல சேர்த்துக்கலாம்மா."

சூரியகலாவுக்குப் பற்றிக்கொண்டு வந்தது. 'எழுத விடலைன்னா பாடித் தொலைக்கிறேன்' என்று கிடாரைத் தூக்கிக்கொண்டு, அன்று சாயங்காலக் கச்சேரிக்கு ஓடைக்கரை மேடைக்கே போய்விட்டது. மரங்கொத்தி டிரம்ஸில் வெளுத்து வாங்க, முள்ளெல்லாம் சிலிர்க்க அது அலறியது:

"குடிக்காதே! குடிக்காதே! ஓடையில விஷம்!"

கூட்டம் பைத்தியமாகிவிட்டது. கரடி சட்டையைக் கிழித்துக்கொண்டது. முயல்கள் ஒன்றையொன்று முட்டிக்கொண்டு ஆடின. "ஒன்ஸ்மோர்!" என்று காடே கத்தியது.

"ஐயோ, இது வெறும் பாட்டு இல்லைங்க! நிஜமாவே விஷம்! நான் விஞ்ஞானி, நானே சோதிச்சுப் பார்த்தேன்!"

"செம வரி! ஒன்ஸ்மோர்!" என்றது முன்வரிசை மான்.

பாவம், இந்தத் தடவையாவது உறைக்காதா என்று சூரியகலா மறுபடி பாடியது. அப்புறம் மறுபடியும். தொண்டை கட்டி, காற்று மட்டும் வரும்வரை பாடியது. விடாமல் ஆடிய கூட்டத்துக்கோ நாக்கு வறண்டுவிட்டது. "குடிக்காதே! குடிக்காதே!" என்று தாளம் தப்பாமல் பாடிக்கொண்டே ஓடையில் இறங்கி, வயிறு முட்டக் குடித்தது. வேண்டாம் வேண்டாம் என்று குறுக்கே போய் விழுந்த சூரியகலாவை, அதுவும் ஆட்டத்தில் ஒரு பகுதி என்று நினைத்து அலாக்காகத் தூக்கி மேடைக்கே திருப்பி அனுப்பினார்கள்.

அங்கே நரி காத்திருந்தது. கச்சேரிச் செலவு முழுக்க அதனுடையதாம்.

"பிரமாதம்மா! அடுத்த மாசமும் நீதான் பாடணும்" என்று பளபளவென்று ஒரு நீலப் பொன்னாடையைப் போர்த்தியது. "நம்ம பட்டறைச் சாயம்தான். துளிகூட வெளுக்காது."

கைதட்டல் அடங்க வெகுநேரம் ஆயிற்று.

நீதி: விஞ்ஞானியாகவும் பாடகியாகவும் ஒரே சமயத்தில் தாராளமாக இருக்கலாம். இரண்டு இடத்திலும் உண்மையையே சொல்லுங்கள். யாரும் கேட்கப்போவதில்லை, ஆகவே இரண்டு வேலைக்கும் ஆபத்தில்லை.