லியோனார்டின் உரப் பீப்பாய்

சாம்பல் புதன் அன்று, நெற்றியில் பூசிய சாம்பல் உதிர்வதற்குள், லியோனார்ட் ஒரு பெரிய சத்தியம் செய்தார்.

"கத்தரீன், இனிமே ஒரு புத்தகம்கூட வாங்கமாட்டேன்."

"தவக்காலம் முடியிற வரைக்குமா?"

"ஆயுசுக்கும்."

கத்தரீன் தேநீரை ஆற்றிக்கொண்டே புருஷன் முகத்தை ஒரு நிமிஷம் பார்த்தாள். "நல்லதுலா," என்றாள். அவ்வளவுதான்.

ரிங்லெட் பக்கத்துத் தேயிலைத் தோட்டத்தில் முப்பது வருஷம் கணக்கு எழுதும் கிராணியாக இருந்து ஓய்வு பெற்றவர் லியோனார்ட். தானா ராத்தாவுக்கு வெளியே, சரிவில் ஒரு சின்ன வீடு. பிள்ளைகள் கோலாலம்பூரில். அவர்கள் காலி செய்த இடத்தையெல்லாம் புத்தகங்கள் பிடித்துக்கொண்டன. ஒன்றுக்கொன்று ஒட்டும் கிடையாது, உறவும் கிடையாது. வண்ணத்துப்பூச்சி, எரிமலை, மிளகு வணிகம், ரயில் பாதை, ஆழ்கடல், பல்லவர் வரலாறு. அலமாரி நிறைந்தது. கட்டிலடி நிறைந்தது. தையல் மெஷின்மேல் பல்லவர்கள் ஏறி உட்கார்ந்த பிறகுதான் கத்தரீன் வாயைத் திறந்தாள். அதன் விளைவுதான் அந்தச் சத்தியம்.

சத்தியம் பதினோரு நாள் உயிரோடு இருந்தது.

பன்னிரண்டாம் நாள் டவுனில் மகேஸ்வரனின் மளிகைக் கடைக்கு அவர் பெயரில் ஒரு புத்தகப் பார்சல் வந்தது. லியோனார்ட் அதைப் பையில் முட்டைக்கோசுக்கு அடியில் வைத்து வீட்டுக்குக் கொண்டுவந்தார். பின்கட்டுக் கொட்டகையில் மூடி போட்ட நீல பிளாஸ்டிக் பீப்பாய் ஒன்று சும்மா கிடந்தது. மலைச் சாரல் உள்ளே போகாது. புத்தகத்தை அதில் இறக்கி, மூடிமேல் கொட்டை எழுத்தில் 'உரம்' என்று எழுதினார்.

மூன்று மாதத்தில் பீப்பாய் இரண்டாயிற்று.

"எதுக்குங்க இவ்வளவு உரம்? நமக்கு இருக்கிறதே நாலு ரோஜாச் செடி."

"மண்ணு செத்துப் போச்சு கத்தரீன். உரமில்லாம எதுவும் நிக்காது."

"எடுத்துப் போட்டாத்தானே நிக்கும்?"

"உடனே போடக்கூடாது. இது ஊறுற உரம்."

"ஓ," என்றாள் கத்தரீன்.

தன் சாமர்த்தியத்தை நினைத்து லியோனார்ட் அன்று இரண்டு தோசை அதிகமாகச் சாப்பிட்டார்.

பிறகு ஒரு சனிக்கிழமை காலை. தக்காளி வாங்கலாம் என்று பக்கத்துச் சரிவில் இருக்கும் நல்லுசாமியின் தோட்டத்துக்குப் போனார். பிளாஸ்டிக் கூரைக்குக் கீழே, ஒரு கூடையைக் கவிழ்த்துப்போட்டு உட்கார்ந்து நல்லுசாமி படித்துக்கொண்டிருந்தார். நல்லுசாமி படிப்பதே அதிசயம். அதைவிட அதிசயம், புத்தகத்தின் அட்டை. மாதா படம் போட்ட பழைய காலண்டர் தாள். லியோனார்ட் தன் கையாலேயே மடித்துப் போட்ட அட்டை.

"வாங்க கிராணி. என்னா புத்தகம்லா இது! மண்புழுவப் பத்தி முந்நூறு பக்கம். நீங்க படிச்சிருப்பீங்களே?"

"பின்ன!"

"அந்த நாலாவது அத்தியாயத்துல சொல்றாரே, அதப் பத்தி என்னா நினைக்கிறீங்க?"

"அது..." லியோனார்ட் தொண்டையைக் கனைத்தார். "அது ரொம்ப ஆழமான விஷயம்."

"ஆழமா? இந்தச் சாதிப் புழு மேல்மண்ணுலதான் இருக்கும்னு போட்டிருக்கே?"

லியோனார்ட் வானத்தைப் பார்த்தார். மழை வரும் போலிருந்தது.

நல்லுசாமி கையால் ஒரு பிடி மண்ணை அள்ளி நீட்டினார். கறுப்பாக, பொலபொலவென்று இருந்தது. ஐந்தாறு புழுக்கள் நெளிந்தன. "ரெண்டு மாசமா இந்தப் பாத்திக்கு மருந்து அடிக்கிறத நிறுத்திட்டேன் கிராணி. காய்ஞ்ச இலையால மூடாக்கு போட்டு வச்சிருக்கேன். இத்தனை வருஷம் இதுங்கள மிதிச்சுக்கிட்டே நடந்திருக்கேன், என்ன செய்யுதுன்னு தெரியாம."

அந்த மண்ணை லியோனார்ட் வெகுநேரம் பார்த்தார். அந்தப் புத்தகத்தை வாங்கிய அன்று ஒருதரம் முகர்ந்து பார்த்ததோடு சரி. உள்ளே இவ்வளவு இருந்தது அவருக்குத் தெரியாது.

"யார் குடுத்தா?"

"உங்க வீட்டம்மாதான். ஒரு சட்டி உரம் கடன் கேட்டு வந்தேன். கொட்டகைக்குக் கூட்டிட்டுப் போய் மூடியத் தொறந்தாங்க. கொஞ்ச நேரம் உள்ளேயே பார்த்துக்கிட்டு நின்னாங்க. அப்புறம், 'இது நல்ல உரம்தான், எடுத்துட்டுப் போங்க'ன்னாங்க."

தக்காளியை மறந்துவிட்டு லியோனார்ட் இறங்கினார். வழியில் வடிவம்மாளின் பூக்கடை. ரோஜாக் கட்டுகளுக்கு நடுவில் நிலாவைப் பற்றிய புத்தகம் விரிந்து கிடந்தது. அதுவும் அவருடையதுதான்.

"வடிவம்மா, அதக் கொஞ்சம் குடுங்க, பார்த்துட்டுத் தரேன்."

வடிவம்மாள் புத்தகத்தை மடியில் இழுத்துக்கொண்டாள். "அய்யோ, முடியாது கிராணி. கைமாத்திக் குடுத்தா அடுத்த புத்தகம் கிடையாதுன்னு கத்தரீன் அக்கா சொல்லியிருக்காங்க. நமக்கு எதுக்கு வம்பு?"

தன் புத்தகத்தைத் தானே தொட முடியாத மனிதராக லியோனார்ட் வீடு வந்து சேர்ந்தார். மலையிலிருந்து மூட்டம் இறங்கிக்கொண்டிருந்தது. கத்தரீன் தையல் மெஷின் முன்னால் உட்கார்ந்திருந்தாள்.

"கத்தரீன், நம்ம கொட்டகையில அந்த உரம்..."

"ஆமா?"

"குறையுற மாதிரி இருக்கு."

"குறையத்தான் செய்யும். கேக்கிறவங்களுக்குக் குடுக்கிறேன்." மெஷினை நிறுத்தினாள். "ஏங்க, அதுல வேற எதாவது வச்சிருந்தீங்களா?"

லியோனார்ட் யோசித்தார். ஆமாம் என்றால் சத்தியம் போச்சு. இல்லை என்றால் புத்தகம் போச்சு. கடைசியில் நாற்காலியில் உட்கார்ந்து உண்மையைச் சொன்னார். பார்சல், முட்டைக்கோசு, பீப்பாய், எல்லாவற்றையும்.

கத்தரீன் திட்டவில்லை. அதுதான் அவருக்குக் கஷ்டமாக இருந்தது.

"ஒண்ணு கேக்கவா? வாங்கினீங்க சரி. ஏன் ஒண்ணையும் படிக்கல? ரெண்டு பீப்பாயிலயும் பக்கம் ஒட்டினது ஒட்டினபடியே இருந்துச்சு."

அவருக்கே அப்போதுதான் அந்தக் கேள்வி தோன்றியது. அலமாரியைப் பார்த்தபடியே சொன்னார்: "கையெழுத்து வாங்க தோட்டத்துத் துரை பங்களாவுக்குக் கோப்பு கொண்டுபோவேன்ல. சுவர் முழுக்கப் புத்தகம். நாப்பது நிமிஷம் நிக்க வச்சாலும் அதயே பார்த்துக்கிட்டு நிப்பேன். அவர் படிச்சு நான் பார்த்ததில்ல. எனக்கும் அந்தச் சுவர்தான் வேணும்னு நினைச்சுட்டேன் போல."

கத்தரீன் கையிலிருந்த துணியை நீவிவிட்டாள். "என்னைய ஆறாம் வகுப்போட நிறுத்திக் கொழுந்து பறிக்க அனுப்பிட்டாங்க. நீங்க காலையில டவுனுக்குப் போனதும் கொட்டகையில உக்காந்து படிக்கிறேன். மூளையப் பத்தின புத்தகம் முடிச்சாச்சு. எறும்புப் புத்தகம் ரெண்டாம் தடவ. புரியாத இடத்துல உங்ககிட்ட கேக்கலாம்னு தோணும். ஆனா கேட்டா, பீப்பாயில புத்தகம் இருக்குன்னு நீங்க ஒத்துக்கணுமே."

முப்பத்தாறு வருஷம் கூடவே இருந்தவள் புத்தகத்தைப் பற்றி இவ்வளவு ஆசையாகப் பேசி லியோனார்ட் கேட்டதில்லை.

"இனிமே நானும் படிக்கிறேன் கத்தரீன். இன்னைக்கே. அந்த நிலா புத்தகத்துல ஆரம்பிக்கிறேன்."

"அது வடிவம்மா கையில."

"தெரியும். முடிச்சதும் வாங்கிக் குடு."

"அவங்களுக்கு அப்புறம் பக்கத்து வீட்டுத் திலகம் கேட்டிருக்கு. அப்புறம் கடைக்கார மகேஸ்வரன். அப்புறம் நான்."

"சரி, அதுக்கப்புறம் நான்."

கத்தரீன் மெஷின் டிராயரிலிருந்து ஒரு பள்ளிக்கூட நோட்டை எடுத்தாள். புத்தகம் வாங்கினவர் பெயர்கள் இருந்த பக்கத்தைப் புரட்டினாள். பேனா மூடியைக் கழற்றினாள்.

"பேரு?" என்று கேட்டாள்.