வேரோடு பிடுங்கிய பிளஸ் டூ கேஸ்

ஊரார் படிப்பை நோண்டுவதற்கு முன்னால் வீட்டில் ஒரு வார்த்தை விசாரித்துவிட வேண்டும். இந்தச் சின்ன விஷயத்தைக் கற்றுக்கொள்ள எனக்கு ஐகோர்ட் தேவைப்பட்டது.

எண்ணூரில் ஒரு பொதுத்துறை நிறுவனத்தில் ஸ்டோர்ஸ் உதவியாளர் நான். என் மனைவி ஸ்டெல்லா அதே நிறுவனத்தின் திருவொற்றியூர் அலுவலகத்தில் டைப்பிஸ்ட். ஒருநாள் கண்காணிப்பாளர் பதவி உயர்வுப் பட்டியல் வந்தது. என் பெயருக்கு மேலே பாபு! ஐந்து வருஷம் ஜூனியர். (பேரேட்டில் கோடு போடவே நான்தான் கற்றுக்கொடுத்தேன்!) அன்றைக்கு எனக்குச் சோறு இறங்கவில்லை.

அப்போதுதான் பொறி தட்டியது. பத்தாவது முடித்து, பிளஸ் டூ பக்கமே போகாமல், நேராகத் திறந்தவெளிப் பல்கலைக்கழகத்தில் பி.ஏ. வாங்கியதாகக் கேன்டீனில் அவனே பீற்றியிருந்தான். அந்தப் பட்டம் பதவி உயர்வுக்குச் செல்லுமா? ராயபுரத்தில் எங்கள் மாதா கோயிலுக்குப் பக்கத்தில் இருந்த வக்கீலிடம் ஓடினேன்.

"பாபு ஒருத்தர் மேல போட்டா போதுமே சார்?" என்றார் அவர்.

"ஊஹூம்! எந்தப் பதவியா இருந்தாலும் சரி, பிளஸ் டூ இல்லாத ஒருத்தனும் மேல ஏறக் கூடாது. வேரோட பிடுங்கிடணும் சார்!"

வக்கீல் என்னை ஒரு மாதிரி பார்த்தார். "சரி. ஆனா பாயின்ட் வெளியே கசியக் கூடாது. வீட்ல கூட சொல்லாதீங்க."

சொல்லவில்லையே! ஸ்டெல்லா கேட்டபோதெல்லாம், "சீனியாரிட்டி மேட்டர், உனக்குப் புரியாது" என்று மிதப்பாகச் சொல்லிவைத்தேன்.

தீர்ப்பு நாள். கிறிஸ்துமஸுக்கு எடுத்த சட்டையில் கோர்ட்டின் கடைசி வரிசையில் உட்கார்ந்திருந்தேன். அப்படிப்பட்ட பட்டம் செல்லாது, அதை வைத்துப் பதவி உயர்வுப் பட்டியல்களில் ஏறிய அத்தனை பேரையும் நீக்க வேண்டும் என்று நீதிபதி சொன்னதுதான் தாமதம், எழுந்து நின்று கைதட்டிவிட்டேன். (ஐகோர்ட்டில்! நான் ஒருவன் மட்டும்!) ஊழியர் ஒருவர் வந்து தோளை அமுக்கி உட்கார வைத்தார்.

காசிமேட்டில் முழு வஞ்சிரம் வாங்கிக்கொண்டு பறந்தேன்.

"ஸ்டெல்லா! ஜெயிச்சிட்டேன்! பிளஸ் டூ படிக்காத ஒருத்தனுக்கும் இனிமே புரமோஷன் கெடையாது!"

அவள் மீனை வாங்கவில்லை. "பாபுவுக்கு மட்டுமா?"

"எல்லாருக்கும்! நான்தான் வக்கீலாண்ட சொன்னேன், வேரோட புடுங்குன்னு!"

"யோவ், நானும் பத்தாவதுக்கு அப்பால நேரா பி.ஏ. தான்யா! அடுத்த வாரம் எனுக்கு அசிஸ்டென்ட் ஆர்டர் வர்றதா இருந்துச்சே!"

மீன் கையிலிருந்து நழுவித் தரையில் விழுந்தது. பதினாறு வருஷக் குடித்தனம். பெண் பார்க்கப் போனபோது "பொண்ணு பி.ஏ." என்றார்கள். என் கவனம் அப்போது மிக்சர் தட்டில் இருந்தது.

"பாபு இன்னா படிச்சான்னு கோர்ட்டு வரிக்கும் போன. கட்டிக்கினவ இன்னா படிச்சான்னு ஒரு தபா கேட்டியா?"

சொல்லிவிட்டு அழுதாள். பன்னிரண்டு வருஷமாகக் காத்திருந்த ஆர்டர் அது. மறுநாள் காலை வக்கீல் வீட்டு வாசலில் நின்றேன். "சார், இந்தக் கேஸ்ல எப்படியாவது தோத்துட முடியுமா?"

முடியாதாம்.

எட்டாம் நாள் ஸ்டெல்லா பிளஸ் டூ புத்தகங்களோடு வந்தாள். பின்னாலேயே பாபு! இருவரும் தனித்தேர்வர்கள். அதை முடித்து மறுபடி முதலிலிருந்து பி.ஏ. ஞாயிற்றுக்கிழமைதோறும் எங்கள் ஹாலில்தான் படிப்பு. புதிய கண்காணிப்பாளரான எனக்குச் சமையலறைப் பொறுப்பு.

"அண்ணே, டீல சக்கர தூக்கலா போடு. தோத்தவன்ல நானு?" என்பான் பாபு. போட்டுக் கொடுத்தேன், அத்தனை வருஷமும்.

இருவருக்கும் பதவி உயர்வு வந்துவிட்டது. ஆர்டர் வந்த அன்று ஸ்டெல்லாவைவிட அதிகமாகத் துள்ளியது நான்தான். ஆனால் அவளுடைய பிளஸ் டூ மார்க்‌ஷீட் மட்டும் சட்டம் போடப்பட்டு ஹாலில் திருஇருதய ஆண்டவர் படத்துக்குப் பக்கத்தில் தொங்குகிறது. என்னுடையதைவிட நூற்றுப் பத்து மார்க் அதிகம்.

இன்றைக்கும் வஞ்சிரம் பொரித்தால், இரண்டாவது துண்டுக்கு நான் கை நீட்டியதும் சட்டி நகர்ந்துவிடும். ஸ்டெல்லா சுவரைக் காட்டுவாள்.

"இந்தத் துண்டுக்கு அந்த மார்க்கு வேணும். உன்னாண்ட இருக்குதா?"

இல்லை. பாபு வந்திருந்தால் துண்டு அவன் தட்டுக்குப் போய்விடும். அவனுக்கும் என்னைவிட மார்க் அதிகமாம்.